மூன்றரை மணிக்கு எல்லாம் சரி

எழுந்து போய்ச் சொல்லிவிட்டால் தீர்ந்தது. நாலு எட்டு வைக்க வேண்டும், அவ்வளவுதான். காலில் கிரிக்கெட் பட்டை கட்டியிருப்பதால் ஐந்து என்றே வைத்துக்கொள்ளலாம். கேப்டன் ஹேலிங் அந்தத் தூரத்தைத் திரும்பவும் கண்ணால் அளந்தான். கூடாரத்தின் அந்தக் கோடியில் கர்னல் பென்ரோஸ் பிரம்பு நாற்காலியிலிருந்து வழிந்துகொண்டு உட்கார்ந்திருக்கிறார், தொப்பி மூக்கின்மேல், கைகள் தொப்பையின்மேல், நாற்காலிக்குக் கீழே அந்தத் தோல்பை. பை வெயிலுக்கு ஒதுங்கிய நாய் மாதிரி கிடக்கிறது. அதற்குள் நாயக் அருளாந்துவின் விசாரணைக் காகிதங்கள். அவன் கிடங்குக்குக் காவல் நின்றபோது ஒரு துப்பாக்கி காணாமல் போனதற்காக இரண்டு வருடம் கடுங்காவல், பதினாறு வருட சேவை ரத்து, பென்ஷன் ரத்து. ஐந்து மணிக்கு ஆட்டம் டீக்காக நிற்கும். டீயோடு கர்னல் ஒரு கையெழுத்துப் போடுவார், ஆர்டர்லி பையைக் கட்டிக்கொண்டு ஜட்காவில் ஏறுவான், ஆறு மணி ரயிலில் பை சென்னைப்பட்டணம் போகும், அங்கே ஜெனரல் முத்திரை குத்திவிட்டால் பிறகு மகாராணியே இறங்கி வந்தாலும் அழிக்க முடியாது. இப்போது மணி நாலு. திருச்சிராப்பள்ளியின் வெயில் கூடாரத் துணி வழியாக மஞ்சளாக வடிந்தது. வெளியே தேங்காய்நார்ப் பாயில் பந்து குத்துகிற சத்தம், டொப், டொப். அடுத்த விக்கெட் விழுந்தால் ஹேலிங் இறங்க வேண்டும். அதற்குள் சொல்லிவிட்டால்? சார், ஒரு சின்ன விஷயம். சின்னதா? ஒருத்தனுடைய இரண்டு வருடம் சின்னதா? சார், ஒரு முக்கியமான விஷயம். அப்படி ஆரம்பித்தால் கர்னல் தொப்பியை ஒரு விரலால் தூக்கி, தொண்டையில் சளி உருள, “முக்கியமா? எவனாவது செத்துட்டானா, அல்லது சோடா தீர்ந்துபோச்சா?” என்பார். ஹேலிங்குக்கு அந்தக் குரல் அப்படியே வரும். மெஸ்ஸில் சாப்பாடு முடிந்ததும் “ஹேலிங், கர்னலைக் கூப்பிடு” என்று மேஜையைத் தட்டுவார்கள், அவன் கர்னலாகி இருமுவான், பாதிரியாகி மூக்கால் பாடுவான், தன் பட்லராகி “தொரை, பால் திரிஞ்சுபோச்சு, நான் திரிக்கல” என்பான், எல்லோரும் விழுந்து விழுந்து சிரிப்பார்கள். ஊரில் இருக்கிற அத்தனை குரலும் தொண்டைக்குள் குடியிருந்தது. இந்த ஒரு வாக்கியத்தைச் சொல்லத்தான் ஒரு குரல் அகப்படவில்லை. பாதிரி குரலில் சொன்னால் பிரசங்கம், பரேடு குரலில் சொன்னால் உத்தரவு, சொந்தக் குரலில் சொல்லலாம் என்றால் அது எப்படி இருக்கும் என்று ஞாபகம் வரவில்லை.

வேண்டுமென்று செய்த அநியாயம் இல்லையே அது. எல்லோரும் செய்வதுதான். ஆயுதக் கிடங்கில் உபரித் துப்பாக்கிகள் நாற்பது. மூன்று மணிக்குப் புதுக் காவல் ஏறும். மூன்றரைக்கு அன்றைய முறை அதிகாரி சாவியோடு போய்ப் பூட்டைத் திறந்து, காவல் நாயக்கைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு எண்ணி, புத்தகத்தில் கையெழுத்துப் போட வேண்டும். சாவி இல்லாமல் நாயக்கால் உள்ளே எட்டிக்கூடப் பார்க்க முடியாது. அன்றைக்குப் பதினெட்டாம் தேதி, பெங்களூர் துரைமாரோடு ஆட்டம், முறை அதிகாரி ஹேலிங். காலை ஒன்பது மணிக்கு மைதானத்துக்குப் போகிற வழியில் கிடங்கு வாசலில் குதிரையை நிறுத்தி, இறங்காமலே புத்தகத்தைக் கேட்டான். காலைக் காவல் ஹவில்தார் மசிக்கூட்டை இரண்டு கையாலும் ஏந்தி நின்றான், கோயிலில் தட்டு ஏந்துகிற மாதிரி. ‘பிற்பகல் மூன்றரை மணிக்குப் பார்வையிட்டேன். துப்பாக்கி நாற்பது. எல்லாம் சரி.’ காலை மசியில் பிற்பகல் நடந்து முடிந்துவிட்டது. ஹவில்தார் மணல் தூவி ஊதி, “ஜெயிச்சுட்டு வாங்க தொரை!” என்றான். ஜெயித்துவிட்டுத்தான் வந்தான். ஆனால் அன்று மாலை ஆறு மணிக்குக் கணக்குச் சரிபார்க்க ஸ்டோர் அதிகாரி கிடங்கைத் திறந்தால் முப்பத்தொன்பது. பின்மூலையில் நாலு ஓடு பிரிந்து கிடக்கிறது. ஓட்டைப் பிரித்து எவனோ இறங்கியிருக்கிறான். எப்போது? முந்தின ராத்திரி இருட்டில் இறங்கியிருப்பான், வேறு எப்போது இறங்குவான் திருடன்? ஆனால் புத்தகம் சொல்கிறது, மூன்றரைக்கு நாற்பது இருந்தது. ஆக, மூன்றரைக்கும் ஆறுக்கும் நடுவில், பட்டப்பகலில், நாயக் அருளாந்துவின் தலைக்கு மேலே ஓடு பிரிந்திருக்கிறது. அவன் தூங்கியிருக்க வேண்டும், அல்லது பங்கு வாங்கியிருக்க வேண்டும். இருட்டில் நடந்த திருட்டை வெளிச்சத்துக்கு இழுத்து வந்து ஒருத்தன் கழுத்தில் கட்டியது ஒரே ஒரு வரி. அதிலும் அந்த ‘எல்லாம் சரி’. அதை எழுதாமலாவது இருந்திருக்கலாம். எழுதும்போது பேனா அங்கே நன்றாக ஓடியது, அந்தச் சுழிப்புகூட ஞாபகம் இருக்கிறது. மூன்றரை மணிக்கு உண்மையில் என்ன செய்துகொண்டிருந்தான்? அதுவும் ஞாபகம் இருக்கிறது, அதுதான் வேதனை. நாற்பத்தேழு ஓட்டத்தில் இருந்தான். பெங்களூர்க்காரன் ஒருத்தன் நெடுநெடுவென்று ஓடி வந்து போட்ட பந்து, முன்காலை நீட்டினான், மட்டை தானாகப் போனது, சத்தமே இல்லை, பந்து புல்லை ஒட்டி ஓடி எல்லைக் கொடியைத் தட்டியது. வாழ்க்கையில் அப்படி ஒரு அடி அதற்கு முன்னும் இல்லை, இனியும் இருக்காது. இப்போது அதை நினைத்தால் பந்து கொடியைத் தட்டுகிறது, உடனே ஒரு பூட்டு ஆடுகிறது. பூட்டை விலக்கிவிட்டு அடியை மட்டும் பார்க்கலாம் என்று எத்தனையோ தடவை முயன்றுவிட்டான். வரவில்லை. ஒரு நல்ல அடியைக்கூடத் திருடிக்கொண்டு போய்விட்டான் அந்த ஓடு பிரித்தவன். சே, என்ன நினைப்பு இது, சிறையில் ஒருத்தன் உட்கார்ந்திருக்கிறான், எனக்கு என் அடி போன கவலை. யாராவது நினைத்துப் பார்த்திருப்பார்களா, அந்த நேரத்தில் இவன் மைதானத்தில் இருந்தானே என்று? இல்லை. ஆட்டம் பார்க்கிறவன் கடிகாரம் பார்க்க மாட்டான். தேதி எவனுக்கு ஞாபகம் இருக்கப் போகிறது. காலை ஹவில்தார் வாய் திறக்க மாட்டான். எனக்கு ஒருத்தனுக்குத்தான் தெரியும். எனக்கும் அருளாந்துவுக்கும்.

ஆமாம், அவனுக்கும். அங்கேதான் ஒவ்வொரு தடவையும் கால் இடறுகிறது. விசாரணை செவ்வாய்க்கிழமை நடந்தது. மேஜர் கிரிம்லி தலைமை. பங்கா கிரீச் கிரீச்சென்று ஆடியது, காற்று மட்டும் வரவில்லை, மேஜரின் மூக்கு நுனியில் ஒரு வியர்வைத் துளி விழலாமா வேண்டாமா என்று யோசித்துக்கொண்டிருந்தது. மொழிபெயர்க்கிற துபாஷி கேட்டான், “கேப்டன் துரை மூன்றரை மணிக்கு வந்து பார்வையிட்டாரா?” ஹேலிங் மேஜை விளிம்பைப் பிடித்துக்கொண்டிருந்தான். வரலைன்னு சொல்லு. சொல்லிவிடு. நீ வரலை என்று சொன்னால் நான் மறுக்க மாட்டேன். மறுத்திருக்க மாட்டேனா? ‘புத்தகம் இருக்கிறதே’ என்று குளிர்ச்சியாகச் சொல்லியிருப்பேனா? தெரியவில்லை, அந்த இடத்துக்குப் போகவே அருளாந்து விடவில்லை. குதிகால் ஒட்ட விறைத்து நின்றான், கன்னம் ஒட்டி, கழுத்தில் ஜெபமாலைக் கயிறு தெரிய. ஹேலிங்கை ஒரு தடவை பார்த்தான். “வந்தாருங்க. பூட்டத் தொறந்தாருங்க. ஒண்ணொண்ணாத் தொட்டு எண்ணினாருங்க. நாப்பது இருந்துச்சுங்க.” அதோடு விட்டானா, கையோடு இன்னும் கொஞ்சம் சேர்த்தான்: “வெள்ளக் குதிரைல வந்தாருங்க.” மேஜரின் பேனா நின்றது. ஹேலிங்கின் குதிரை செம்பழுப்பு, பட்டாளத்தில் பச்சைப்பிள்ளைக்கும் தெரியும். மூக்குத் துளி விழுந்தது. பேனா மறுபடி நகர்ந்தது. வெயில், வேறென்ன, மேஜருக்கும் மயக்கமாக இருந்திருக்கும். பிறகு வராந்தாவில் இரண்டு சிப்பாய்களுக்கு நடுவே அவனை நடத்திக்கொண்டு போனபோது ஹேலிங் தூணோரம் நின்றிருந்தான். அருளாந்து உதட்டை அசைக்காமல், ஜுரக்காரனைத் தேற்றுகிற மாதிரி சொல்லிக்கொண்டே போனான்: “கவலப்படாதீங்க தொரை. நம்ம பக்கம் தப்பு வரல. இனி தொரை ஒரு வார்த்த சொன்னாப் போதும், கர்னல் தொரை விட்டுருவாரு.” நம்ம பக்கம்! என்னைக் காப்பாற்றுவதாக நினைத்துக்கொண்டு தன் கையாலேயே கதவைச் சாத்திக்கொண்டான், சாத்திவிட்டு எனக்கு ஆறுதலும் சொல்கிறான். அதிகாரி பேரைக் காப்பாற்றினால் அதிகாரி நம்மைக் காப்பாற்றுவார் என்பது பதினாறு வருடத்தில் பட்டாளம் அவனுக்குக் கற்றுக்கொடுத்தது. தமிழ்ப் பரீட்சையில் ஹேலிங் முதல் வகுப்பில் தேறியவன். ‘நம்ம’ என்பதில் கேட்கிறவனும் சேர்த்தி என்று முன்ஷி சொல்லிக்கொடுத்திருக்கிறார். சேர்த்திதான். தப்பில்லை.

அந்தக் கோழியை மட்டும் சாப்பிடாமல் இருந்திருக்கலாம். வியாழக்கிழமை மத்தியானம், நல்ல பசி, மிளகு போட்டு வறுத்த கோழி, இரண்டு தடவை கேட்டு வாங்கிச் சாப்பிட்டான். எலும்பைக்கூட விடவில்லை. “ராயப்பா, இன்னைக்குக் கோழி பிரமாதம்.” பட்லர் ராயப்பனுக்கு முகமெல்லாம் பல். “நாட்டுக் கோழிங்க தொரை. அந்த நாயக்கு அருளாந்து பொஞ்சாதி இல்ல, மதலேனு, அது கொண்டாந்து குடுத்துச்சு. விடிஞ்சதுலருந்து வாசக் கேட்டுகிட்ட நின்னுச்சு. தொரை தூங்குறாருன்னேன். ஐயோ எழுப்பாதீங்கண்ணே, இத மட்டும் குடுத்துருங்கன்னுட்டுப் போயிருச்சு.” “எதுக்கு?” “என்ன தொரை தெரியாத மாதிரி கேக்குறீங்க. அவுக வீட்டுக்காரர நீங்க காப்பாத்தி விடப் போறீங்களாம்ல. சிப்பாய் லயின் பூரா அதான் பேச்சு.” பல்லில் ஒரு நார் சிக்கியிருந்தது. எழுந்து போய் வாந்தி எடுத்திருக்க வேண்டும், கதைகளில் மனிதர்கள் அப்படித்தான் செய்கிறார்கள். அவனுக்கு வரவில்லை. நன்றாகவே செரித்தது. ராத்திரி நன்றாகத் தூங்கினான், அந்தப் பெண் எழுப்ப வேண்டாம் என்று சொன்ன தூக்கம். வெள்ளிக்கிழமை சொல்லலாம் என்றிருந்தான், வெள்ளிக்கிழமை கர்னலுக்கு வயிற்றுவலி. சனிக்கிழமை காலை சொல்லலாம், காலையில் பரேடு. பரேடு முடிந்ததும் சொல்லலாம், அப்போது மேஜர் கிரிம்லி பக்கத்தில் நின்று ஏதோ நாய்க்குட்டியைப் பற்றிப் பேசிக்கொண்டிருந்தார், நடுவில் எப்படிப் புகுவது, மரியாதை என்று ஒன்று இருக்கிறதே. இப்படியாக மரியாதை மரியாதையாக நகர்ந்து சனிக்கிழமை நாலு மணிக்கு வந்து நிற்கிறது. இதோ எழுந்துவிட்டேன். எழுந்துவிட்டான் உண்மையில். கர்னல் தொப்பிக்கு அடியிலிருந்து ஒரு கண்ணைத் திறந்தார். “என்ன ஹேலிங், கால் நிலைகொள்ளலையா?” “சார், நான்...” அந்த நேரம் பார்த்து வெளியே ‘ஹோ’ என்று ஒரு கூச்சல். ஆடிக்கொண்டிருந்த லெப்டினன்ட்டின் நடு ஸ்டம்ப் கழன்று உருண்டது. கர்னல், “போ, போ. நம்ம மானம் உன் கையில” என்று மட்டையை எடுத்து நீட்டினார்.

சரி. முதல் பந்திலேயே அவுட் ஆகிவிடுவது, திரும்பி வருவது, சொல்வது. இறங்கி நடக்கும்போதே முடிவாகிவிட்டது, மனசு லேசாகக்கூட ஆனது. ரயில்வேக்காரர்கள் அணியில் பந்து போட்டவன் ஒரு குண்டு இஞ்சின் டிரைவர். முதல் பந்து நேராக வந்தது, விட்டுவிட்டால் போதும், சும்மா நின்றால் போதும், ஸ்டம்ப் பறக்கும். கைகள் விடவில்லை. அவை தம் பாட்டுக்கு இறங்கிப் பந்தைத் தட்டிவிட்டன. அடுத்ததையும் தட்டின. மூன்றாவது கால்பக்கம் வந்தது, திருப்பி விட்டன, இரண்டு ஓட்டம். டேய், என்ன செய்கிறீர்கள், என்று அவன் தன் கைகளைப் பார்த்துக் கேட்டான். கைகளுக்கு என்ன தெரியும், அவை பள்ளிக்கூடத்திலிருந்தே நல்ல பிள்ளைகள், பந்து வந்தால் அடிக்கும், காகிதம் வந்தால் கையெழுத்துப் போடும். நாலேகால், நாலரை. ஓட்டம் பதினான்கு ஆகிவிட்டது. மலைக்கோட்டை வெயிலில் வெளுத்துக் கிடந்தது. கூடாரத்துக்குள் தோல்பை தெரிகிறதா என்று பார்த்தான், கர்னலின் பூட்ஸ் மறைத்தது. பெரிதாக ஓங்கி அடித்தால் எவனாவது பிடிப்பான் என்று அடித்தான், பந்து இரண்டு ஆளுக்கு நடுவே போய் விழுந்தது, கைதட்டல். பதினெட்டு. அடுத்த பந்தில் மட்டையின் ஓரத்தில் ஒரு தொடுகை. சத்தம் என்றுகூடச் சொல்ல முடியாது, உள்ளங்கையில் ஓர் எறும்பு ஓடின மாதிரி. விக்கெட் கீப்பர் பிடித்துக்கொண்டு கத்தினான், டிரைவர் கத்தினான். நடுவராக நின்றது இவர்கள் பட்டாளத்து சார்ஜெண்ட் டக்கெட். “நாட் அவுட், சார்!” அந்த ‘சார்’ தீர்ப்புக்கே சல்யூட் அடித்தது. கேப்டனுக்கு அவுட் கொடுக்கிற சார்ஜெண்ட் இன்னும் பிறக்கவில்லை. ஹேலிங் மட்டையைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு, “பட்டது, டக்கெட்” என்று சொல்லிவிட்டு நடந்தான். ஒரு நொடி யாருக்கும் புரியவில்லை. பிறகு கைதட்டல் ஒரு மூலையில் தொடங்கி மைதானத்தைச் சுற்றிப் படர்ந்தது. குண்டு டிரைவர் தொப்பியைக் கழற்றினான். கூடாரத்துப் பெண்கள் எழுந்து நின்று தட்டினார்கள், பட்டாளத்துக்காரர்கள் வேலியோரம் நின்று விசிலடித்தார்கள். “அதான் சார் கேப்டன்! அவரா வந்துட்டார் பாரு!” எவ்வளவு சுலபமாக வந்துவிட்டது! பட்டது, டக்கெட். இரண்டே வார்த்தை. யோசிக்கவே இல்லை, குரலைத் தேடவே இல்லை, தொண்டை தானாகவே திறந்தது. பொய் சொல்லாதவன் என்று ஊரே நின்று தட்டுகிறது, அந்தத் தட்டலுக்கு நடுவே அவன் நடந்து வருகிறான், கன்னத்தில் அறை வாங்கிக்கொண்டே வருகிற மாதிரி, இந்தப் பக்கம் ஒன்று, அந்தப் பக்கம் ஒன்று. அதே சூட்டோடு சொல்லிவிட வேண்டும், வாய் திறந்திருக்கும்போதே. நாலேமுக்கால்.

“அடடா, இதுதான் கிரிக்கெட்” என்று கர்னல் தோளில் கை வைத்தார். கண் கலங்கியிருந்தது, அல்லது சோடா. “சார், பதினெட்டாம் தேதி நான் கிடங்குக்குப் போகவில்லை.” வந்துவிட்டது. எந்தக் குரலில் வந்தது என்று அவனுக்கே தெரியவில்லை. “காலையிலேயே கையெழுத்துப் போட்டுவிட்டேன். மூன்றரைக்கு நான் இங்கே ஆடிக்கொண்டிருந்தேன். அருளாந்து எனக்காகப் பொய் சொன்னான்.” கர்னல் கையை எடுக்கவில்லை. கோபமும் வரவில்லை. தோளில் இருந்த தூசியைத் தட்டுகிறவர்போல இரண்டு தட்டுத் தட்டினார். “எனக்குத் தெரியாதா ஹேலிங்? நாற்பத்தேழில் ஒரு அடி அடிச்சியே. கிரிம்லி பக்கத்து நாற்காலில உட்கார்ந்து என் தொடையில அறைஞ்சான், ரெண்டு நாள் சிவந்திருந்தது.” மேஜர் கிரிம்லி அந்தப் பக்கம் திரும்பி எலுமிச்சம்பழத்தைத் தண்ணீரில் பிழிந்துகொண்டிருந்தார், மிகக் கவனமாக, ஒரு விதை விழாமல். “அப்படியானால்... ஏன் சார்?” “ஏன்னா? நீ வந்தேன்னு புத்தகம் சொல்லுது. நீ வந்தேன்னு அவனும் சொல்றான். ரெண்டு பேரும் ஒத்துப் பேசுறப்ப நடுவில நான் யாரு?” கர்னல் குனிந்து தோல்பையை எடுத்து மடியில் வைத்துக்கொண்டார். பிறகு, ஹேலிங் எதிர்பார்க்கவே இல்லை, கொஞ்சம் களைப்பான குரலில், மெஸ்ஸில் எவனும் இதுவரை பாவனை செய்யாத ஒரு குரலில் சொன்னார்: “எழுதிக் கொடுக்கணும்னா கொடு. தடுக்க மாட்டேன். பேனா இருக்கு, காகிதம் இருக்கு, ரெண்டு வரி போதும், நாயக் வீட்டுக்குப் போவான். உன் வேலை போகும். கிரிம்லிக்கு ஒரு கேள்வி வரும், எனக்கும் வரும், வரட்டும். பை கட்டுறதுக்கு இன்னும் கால் மணி இருக்கு.”

அவ்வளவுதான். கதவு திறந்தே இருக்கிறது, யாரும் குறுக்கே நிற்கவில்லை. ஹேலிங், “இந்தக் கால்பட்டையைக் கழற்றிவிட்டு வருகிறேன், சார்” என்றான். ஆமாம், கால்பட்டையோடு எப்படி எழுதுவது, உட்காரவே முடியாது. நாற்காலியில் உட்கார்ந்து இடது காலை நீட்டினான். மேல் வார், கொக்கி கொஞ்சம் இறுக்கம், வியர்வையில் தோல் ஊறியிருந்தது. நகத்தால் நெம்பினான், வந்தது. நடு வார். எப்படித் தொடங்குவது? ‘மேன்மை தங்கிய’ என்றா, நேராகவா? இங்கிலாந்தில் அப்பா பத்திரிகையில் படிப்பார், காலை உணவின்போது, முட்டையை உடைத்தபடி. அப்பாவை நினைக்க வேண்டாம். மதலேனை நினை. விடிந்ததிலிருந்து கேட்டுக்கு வெளியே, கோழியைக் கக்கத்தில் வைத்துக்கொண்டு. நினைக்கிறேன், நினைத்துக்கொண்டுதான் கழற்றுகிறேன். கீழ் வார். இடது கால் முடிந்தது. பட்டையைச் சுருட்டி ஓரமாக வைத்தான், சரிந்தது, திரும்ப நேராக வைத்தான். வெளியே டீக்கு மணி அடித்தார்கள், ஆட்டக்காரர்கள் சிரித்துக்கொண்டு உள்ளே வந்தார்கள், “சார், அபாரம் சார், எங்க ஊர்ல இப்படி ஒருத்தனப் பாத்ததில்ல” என்று குண்டு டிரைவர் கை நீட்டினான், எழுந்து கை குலுக்க வேண்டாமா, குலுக்கினான், விருந்தாளி. வலது கால். மேல் வார். இங்கே கொக்கி சுலபமாக வந்தது, ரொம்பச் சுலபமாக. வார் நுனி கொஞ்சம் பிய்ந்திருப்பது தெரிந்தது, இதைத் தைக்கக் கொடுக்க வேண்டும், எவ்வளவு பிய்ந்திருக்கிறது என்று மறுபடி மாட்டிப் பார்த்தான், மறுபடி கழற்றினான். கர்னல் அவனையேதான் பார்த்துக்கொண்டிருந்தார். அவசரப்படுத்தவில்லை. ஒரு தடவை கடிகாரத்தைத் திறந்தார், மூடினார். பிறகு பேனாவை மசியில் தோய்த்தார். நடு வார். ஆர்டர்லி வந்து பூட்ஸைச் சேர்த்து நின்றான். காகிதம் சரசரத்தது, பையின் நாக்கை மடித்தார்கள், கயிறு இழுபடுகிற சத்தம். கீழ் வார் ஒன்றுதான் பாக்கி. ஹேலிங் அதன் மேல் குனிந்துகொண்டான், முகம் முழங்காலில் இடிக்கிற அளவுக்குக் குனிந்துகொண்டான். ஜட்கா மணி கிணுகிணுத்தது. சக்கரம் சரளையில் ஏறி உருண்டது. அப்போது கொக்கி தானாகவே விடுபட்டது, அவன் துள்ளி எழுந்தான், நாற்காலி பின்னால் சாய்ந்து விழ, இரண்டு எட்டு ஓடக்கூடச் செய்தான், கையை உயர்த்தினான். “நில்லு!” என்று தமிழிலேயே கூப்பிட்டான். வண்டிக்காரன் காதில் விழாமல் இருக்க எவ்வளவு தணிவாகக் கூப்பிட வேண்டுமோ, மிகச் சரியாக அவ்வளவு தணிவாகக் கூப்பிட்டான்.